எமனுக்குச் சொல்லாத பெயர்

வாசலில் போட்ட கெமாக் கூடாரத்துக்குள் நாற்காலிகளை இழுத்துப் போட்டுக்கொண்டிருந்த ஹேமநாதன் பாதியில் நிறுத்தினான். போட்டவற்றிலேயே உட்கார ஆளில்லை. மணி பதினொன்று. அப்பாவைச் சுடுகாட்டுக்குக் கொண்டுபோகும் வண்டி இரண்டு மணிக்கு வந்துவிடும்.

கூடத்தில் கண்ணாடிப் பெட்டிக்குள் அப்பா படுத்திருந்தார். பக்கத்தில் அம்மா பேச்சியம்மாள், தங்கை ஷர்மினி, எதிர்வீட்டுச் சீனர் ஆ காவ், தண்ணீர்ப் போத்தல்களோடு வந்த மலாய்க்கார அம்மாள் மக்சிக் ரொக்கியா. அந்தப் பெரிய தெப்ராவ் தாமான் குடியிருப்பில் வேறு யாருக்கு அவரைத் தெரியும்?

“அண்ணே, செடெனாக் தோட்டத்துலேருந்து ஒருத்தரும் வரலையே,” என்றாள் ஷர்மினி. “அப்பா போகாத சாவு வீடு அங்க உண்டா?”

“காலையிலேயே எல்லா வாட்ஸாப் குரூப்லயும் போட்டுட்டேன்.”

போட்டிருந்தான்தான். ‘திரு. தங்கராஜு, வயது எழுபத்து நான்கு’ என்று பொன்னிற எழுத்து. படக் கடைக்காரர் கம்ப்யூட்டரிலேயே அப்பாவுக்குக் கோட்டும் டையும் மாட்டி, முகத்தையும் கொஞ்சம் வெளுப்பாக்கிக் கொடுத்திருந்தார். கீழே, தொடர்புக்கு என்று ஹேமநாதனின் பெயர்.

கைப்பேசி அடித்தது. ஐயாசாமி மாமா. செடெனாக் தோட்டத்தில் அப்பாவோடு முப்பது வருடம் வேலை செய்தவர்.

“தம்பி, உங்க தாமான்ல யாரோ பெரிய மனுசர் தவறிட்டாராமே, தங்கராஜுன்னு. கோட்டெல்லாம் போட்டுக்கிட்டு. கீழ உன் பேரப் பார்த்தேன். ஒத்தாசையா நிக்கிற போல, நல்லது. சரி, குப்பையன்கிட்ட போனக் குடு. காலையிலேருந்து அடிக்கிறேன், எடுக்க மாட்றான்.”

ஹேமநாதன் கண்ணாடிப் பெட்டியைத் திரும்பிப் பார்த்தான். “அப்புறம் கூப்பிடறேன் மாமா,” என்று வைத்துவிட்டான்.

குப்பையன். பள்ளிக்கூடத்தில் அந்தப் பெயரால் அவன் பட்டது கொஞ்சமில்லை. அப்பா சைக்கிளில் வந்து இறங்கினால் போதும், குப்பை லோரி வந்துவிட்டது என்று பின்வரிசை கத்தும். ஒருநாள் அழுதுகொண்டே, இனிமேல் அந்தப் பேரைச் சொல்லிக்கொண்டு வராதீர்கள் என்று அப்பாவிடம் சொன்னான். அப்பா கோபிக்கவில்லை. அதன்பிறகு பள்ளிக்கு வந்தால், யாரோ ஒருவரைப் பற்றிச் சொல்வதுபோல, “தங்கராஜுங்க” என்று கூச்சத்தோடு சொல்லிவிட்டு ஓரமாக நிற்பார்.

“யாரு, ஐயாசாமியா? கெளம்பிட்டானா?” என்று கேட்டாள் அம்மா.

அவன் நடந்ததைச் சொன்னான். அம்மா சிரித்துவிட்டாள். அன்றைக்கு முதல் சிரிப்பு.

“அவன் என்ன பண்ணுவான்? எனக்கே கல்யாணமாகி அவரு அடையாள கார்டு ஐசியப் பார்த்துத்தான் அந்தப் பேரு தெரியும்.”

ஆ காவும் சிரித்தார். தோட்டத்துக் கடையில் வளர்ந்தவர், தமிழ் தண்ணீர்பட்ட பாடு. “என் பேரு மட்டும் என்ன? நாய்னு அர்த்தம் லா. எனக்கு முன்னாடி ரெண்டு பிள்ள செத்துப்போச்சு, அம்மாவுக்குப் பயம். நாய்னு கூப்பிட்டா பேய் தூக்கிட்டுப் போகாதாம். உங்கப்பா சொல்வாரு, நீ நாய், நான் குப்பை, நாம சேராம யாரு சேருவாங்கன்னு.”

மக்சிக் ரொக்கியாவும் தலையாட்டினாள். அவளுக்கு முதலில் வைத்தது வேறு பெயராம். காய்ச்சல் விடவே இல்லையாம். பெயர் பிள்ளைக்குக் கனமாக இருக்கிறது என்று இலேசான பெயராக மாற்றினார்களாம். மலாயில் அதைச் சொல்லிவிட்டு, தன் பருத்த கைகளைத் தூக்கிக் காட்டி, மாற்றியது பலித்துவிட்டது பார் என்றாள்.

“இவருக்கு முன்னாடி பொறந்த மூணும் தங்கல,” என்றாள் அம்மா. “இவரு பொறந்ததும் லயத்து வீட்டுக்குப் பின்னால குப்பையில போட்டுப் பெரட்டி, பக்கத்து வீட்டம்மா எடுத்துக்கிட்டு, ஒரு கைப்பிடி நொய்க்குத் திருப்பி வித்தாங்களாம். நல்ல பேர எமன் காதுல விழாம ஐசிக்குள்ள வச்சுப் பூட்டிட்டாங்க.”

“தெரியும்மா,” என்றான் ஹேமநாதன். “அதான் எமன் வந்துட்டுப் போயிட்டானே. இனிமே எதுக்கு ஒளிக்கணும்? நல்ல பேரோட போகட்டும்னு நெனச்சேன்.”

அம்மா முந்தானையால் கண்ணாடியைத் துடைத்தாள். அழுக்கு ஒன்றும் இல்லை.

“போகட்டும்டா. ஆனா தனியா போகணுமா?”

அவன் வாசலுக்கு வந்தான். கைப்பேசியில் இருந்த படங்களைத் தள்ளிக்கொண்டே போனான். போன தீபாவளிக்கு எடுத்தது ஒன்று. பனியனோடு அப்பா, முறுக்கைக் கடித்தபடி. அதைப் போட்டு, ‘எங்கள் அப்பா குப்பையன் தவறிவிட்டார்’ என்று தட்டினான். அனுப்புமுன் விரல் சற்று நின்றது. எந்தக் குரூப்பிலாவது ஒருத்தன் சிரிப்பான் என்று காத்திருந்த பழைய பையன் இன்னும் உள்ளே இருந்தான். அனுப்பினான். வண்டிக்காரரையும் கூப்பிட்டு நாலரைக்கு வரச் சொன்னான்.

அதற்குப் பிறகு கைப்பேசி ஓயவில்லை.

இரண்டு மணிக்குமேல் வந்தார்கள். மோட்டாரில், காரில், பாதிப்பேர் ஒரு தொழிற்சாலை பஸ்ஸைப் பிடித்துக்கொண்டு. பஸ்ஸிலிருந்து இறங்கும்போதே பெண்கள் மார்பில் அடித்துக்கொண்டு குப்பையண்ணே, குப்பையண்ணே என்று அழுதார்கள். ஹேமநாதன் கெமாக் கம்பியைப் பிடித்துக்கொண்டு கேட்டான். அத்தனை வாயில் அந்தப் பெயர். ஒரு வாயிலும் கேலி இல்லை.

ஐயாசாமி பெட்டிமேல் இரண்டு கையையும் வைத்துக்கொண்டார். “இவன் கல்யாணத்துக்கே கோட்டுப் போடலடா தம்பி. எனக்கு எப்படித் தெரியும்?” என்று மூக்கை உறிஞ்சினார். பிறகு கண்ணாடிக்குள் பார்த்து, “தங்கராஜாம்ல. எங்கிட்டகூடச் சொல்லல பாரு,” என்றார். அழுதுகொண்டிருந்தவர்களே சிரித்தார்கள். அம்மா அதைப் பார்த்துக்கொண்டு நிம்மதியாகச் சாய்ந்து உட்கார்ந்தாள்.

வண்டி புறப்பட்டபோது தெரு நிறைந்திருந்தது.

எல்லாம் முடிந்து, வீடு கழுவிவிட்டு, ஹேமநாதன் தலைகூடத் துவட்டாமல் வாசலில் நின்றான். மழை தூறியது. இரும்புக் கதவுக்கு வெளியே ஒரு வயதான அம்மாள், குடையும் பிளாஸ்டிக் பையுமாக, வீட்டு எண்களைப் பார்த்துக்கொண்டே வந்தார். பொந்தியானிலிருந்து பஸ் மாறி மாறி வந்திருக்கிறார்.

“தம்பி, குப்பையன் வீடு எதுப்பா?”

“இதாம்மா. உள்ள வாங்க.”

அவர் குடையை வாங்கி, தண்ணீரை உதறி, காயட்டும் என்று விரித்தே வைத்தான். பிறகு அவர் செருப்பைக் கழற்றும்வரை கையைப் பிடித்துக்கொண்டு நின்றான்.