ஐயோனியின் கதவு

இத்தனை வருஷம் கழித்து லெஸ்டரிலிருந்து தீவுக்கு வந்து இறங்கியதை ஐயோனி தன் தம்பி ஆம்புரோஸிடம் சொல்லவில்லை. சொன்னால் கட்டிக்கொண்டு அழுவான். அவன் அழுதால் இவளும் அழ வேண்டும். எதற்கு வம்பு என்று லிட்டில் பே திடலில் விழாக் கூட்டத்தோடு கூட்டமாக, ஆட்டுக்கறிச் சாறு ஒரு கிண்ணம் வாங்கிக்கொண்டு நின்றாள். பக்கத்தில் பழைய அண்டை வீட்டுக்காரி வெர்லின்.

மேடையில் ஆம்புரோஸின் குழு ஏறியது. யுகுலேலி என்னும் குட்டி கிட்டார், கிலுகிலுப்பை, ஊதினால் உறுமும் நீளக் குழாய். முதல் சத்தத்திலேயே அவளுக்குக் கண் கலங்கிவிட்டது. அவர்கள் குடியிருந்த பார்க்கர் சந்தில் கிறிஸ்துமஸுக்கு வீடு வீடாகப் பாடிய பாட்டல்லவா அது! ஒவ்வொரு வாசலிலும் வீட்டுக்காரர் பெயரைச் சொல்லிக் கூப்பிட்டு, வாத்தியங்களை நிறுத்திக் காத்திருப்பார்கள். "கதவு திறந்திருக்கு, உள்ள வாங்க" என்று குரல் வந்ததும் உள்ளே போய் இஞ்சி பீர் குடித்துவிட்டு அடுத்த வீடு.

அந்தச் சந்தில் கழித்த கடைசிக் கிறிஸ்துமஸில் ஐயோனி குரல் கொடுக்கவில்லை. பண்டிகைக்கென்று அவள் வளர்த்த கிடாவைக் கேட்காமல் கொள்ளாமல் விற்று, அந்தத் தடியன் ஆம்புரோஸ் யுகுலேலி வாங்கியிருந்தான். விளக்கை அணைத்துவிட்டு உள்ளே உட்கார்ந்திருந்தாள். அடுத்த கிறிஸ்துமஸுக்குப் பார்த்துக்கொள்ளலாம் என்று நினைத்தாள். அதற்குள் எரிமலை வெடித்தது. சந்து முழுக்கச் சாம்பலுக்கு அடியில் போயிற்று; அவள் லெஸ்டருக்குப் போய்விட்டாள். அந்த வீட்டைப் பற்றி அவளிடம் மிஞ்சிய கடைசி நினைவு, தானே சாத்திய கதவு.

"ஃபாரல் தாத்தா!" என்று ஆம்புரோஸ் பாடி நிறுத்தினான். "கதவு திறந்திருக்கு!" என்று திடலே கத்தியது.

"அவர்தான் செத்துட்டாரே?" என்றாள் ஐயோனி.

"செத்தவங்களுக்கு, வராதவங்களுக்கெல்லாம் நாங்கதான் கத்துவோம். உன் வீட்டுக்கு மட்டும் யாரும் கத்தக் கூடாதுன்னு உன் தம்பி உத்தரவு" என்றாள் வெர்லின். "வருஷா வருஷம் சும்மா நிப்பான், நாங்களும் நிக்கணும். கால் வலிக்குதுடி!"

பாட்டு அந்த இல்லாத சந்தில் வீடு வீடாக ஏறி வந்துகொண்டிருந்தது. ரைலி வீடு. வெர்லின் வீடு. அடுத்தது அவளுடையது.

"ஐயோனி அக்கா!"

வாத்தியங்கள் நின்றன. ஆம்புரோஸ் கூட்டத்தைப் பார்க்கவில்லை. தெற்கே, எரிமலைப் பக்கம் பார்த்துக்கொண்டிருந்தான். தலை முழுக்க நரைத்திருந்தது. வெர்லின் முழங்கையால் இடித்தாள்.

"கதவு திறந்துதான்டா கெடக்கு!" ஐயோனி கத்தினாள். "என் கிடாவையும் ஓட்டிக்கிட்டு உள்ள வாடா, திருட்டுப் பயலே!"

அடுத்த வீட்டுக்குப் பாட்டு போகவில்லை. அதே யுகுலேலியை இடுக்கிக்கொண்டு, முழங்காலைப் பிடித்துப் பிடித்து மேடையிலிருந்து இறங்கி வந்தான் ஆம்புரோஸ். அவள் எதிரே வந்து, வாசலில் நிற்பது போலத் தொப்பியைக் கழற்றினான்.

"இஞ்சி பீர் இருக்காக்கா?"

"இல்ல" என்று கிண்ணத்தை நீட்டினாள். "ஆடுதான் இருக்கு. குடி."