நேரில் வந்து கட்டுபவள்

அபராதம் கட்ட நான்கு வழிகள் இருப்பதாக நோட்டீசின் பின்பக்கத்தில் பொடி எழுத்தில் அச்சடித்திருந்தார்கள். கைபேசியில் கட்டலாம், வங்கியில் கட்டலாம், தபால் நிலையத்தில் கட்டலாம். இது எதுவும் ஒத்துவராதவர்கள் போக்குவரத்து அலுவலகத்துக்கு நேரில் வந்து மூன்றாம் கவுண்டரில் வரிசையில் நின்று கட்டலாம். இளையவள் எப்போதும் நான்காவது வழியில்தான் கட்டினாள்.

இரண்டு பெண்கள் இருந்த வீட்டில் அவள் இரண்டாமவள். சின்ன வயதில் ஒட்டிக்கொண்ட அந்தப் பெயர் நாற்பத்தொரு வயதிலும் போகவில்லை. ஒரு சலவைக் கடையில் இஸ்திரி போட்டுக்கொண்டிருந்தாள்.

"போன்ல ரெண்டு தட்டு தட்டினா முடிஞ்சுது. இதுக்குப் போய் வேலைய விட்டுட்டுக் கால்கடுக்க நிக்கணுமா?" என்பாள் அக்கா.

"எனக்கு அதெல்லாம் வராதுக்கா."

அக்கா வீட்டு மின்கட்டணத்தையே மாதாமாதம் கைபேசியில் கட்டிக்கொடுப்பவள் இளையவள்தான். அக்காவுக்கும் அது தெரியும். அதற்கு மேல் கிளறமாட்டாள்.

நேரில் போவதற்குக் காரணம் இருந்தது. கைபேசியில் கட்டினால் தொகை மட்டும்தான் வரும். கவுண்டரில் கேட்டால் திரையைத் திருப்பிப் படத்தைக் காட்டுவார்கள்.

அவள் கணவன் வீட்டைவிட்டுப் போய் இரண்டு வருடமும் இரண்டு மாதமும் ஆகியிருந்தன. அதற்கு முந்தின வாரம் சண்டை இல்லை, சச்சரவு இல்லை. ஒன்பதாம் தேதி காலையில் காபி குடித்துவிட்டு, "டயருக்குக் காத்து அடிச்சுட்டு வந்துடறேன்" என்று சாவியை எடுத்துக்கொண்டு கிளம்பினார். மத்தியானம்வரை அவள் கவலைப்படவில்லை. சாயங்காலம் பெட்ரோல் பங்க் ஒவ்வொன்றாக நடந்து பார்த்தாள். காவல் நிலையத்தில் எழுதிக்கொண்டவர், "வளர்ந்த ஆம்பிளைம்மா. துணிமணி எடுத்துட்டுப் போயிருக்காரா பாருங்க" என்றார். வீட்டுக்கு வந்து பீரோவைத் திறந்தாள். நான்கு சட்டைகள் இல்லை. அவள் தேய்த்து மடித்து வைத்திருந்த அடுக்கில் மேலிருந்து நான்கு.

வண்டி அவள் பெயரில் இருந்தது. அம்மா விட்டுப்போன காசில் வாங்கிய சின்ன வெள்ளைக் கார். அவளுக்கு ஓட்டத் தெரியாது.

முப்பத்தேழாம் நாள் முதல் நோட்டீஸ் வந்தது. துறைமுகப் பாலத்தில் அதிவேகம். பிரித்துப் படித்தவள் அப்படியே சமையலறைத் தரையில் உட்கார்ந்துவிட்டாள். அழுகை வந்தது, கூடவே சிரிப்பும் வந்தது. மனிதர் உயிரோடு இருக்கிறார். துறைமுகப் பாலத்தில் போகிறார். அதுவும் வேகமாகப் போகிறார்.

அதன்பின் நான்கு மாதத்துக்கு மூன்று என்கிற கணக்கில் வந்துகொண்டே இருந்தன. ஆஸ்பத்திரி வாசலில் தவறாக நிறுத்தியது. அன்று அவள் இரவெல்லாம் தூங்கவில்லை. மலைப்பாதையில் சிவப்பு விளக்கைத் தாண்டியது. குளிருக்கு ஸ்வெட்டர் எடுத்துப் போகவில்லையே என்று நினைத்துக்கொண்டாள். ஒரு பள்ளிக்கூடத்துக்கு முன்னால் ஹாரன் அடித்தது. பள்ளிக்கூடத்தில் இவருக்கு என்ன வேலை என்று பத்து நாள் மண்டையைப் பிய்த்துக்கொண்டாள். நோட்டீஸ்களைப் பீரோக் கதவின் உள்பக்கம் வரிசையாக ஒட்டிவைத்தாள். கடையில் சட்டைக் கழுத்தை அழுத்தித் தேய்த்துக்கொண்டே, இப்போது எந்த ரோட்டில் இருப்பார் என்று யோசிப்பாள். ஒரு வாரக் கூலி ஒரு நோட்டீசுக்குப் போய்விடும். வருடா வருடம் சாலை வரியையும் அவளே கட்டினாள். வரி கட்டாத வண்டியை வழியில் மடக்கினால் மனிதர் நடுத்தெருவில் நிற்க வேண்டுமே.

மூன்றாம் கவுண்டர்க்காரர் கழுத்து வலிக்குப் பட்டை போட்டிருந்தார். அதனால் தலையைத் திருப்பமாட்டார், திரையைத்தான் திருப்புவார். பெரும்பாலும் வண்டியின் பின்பக்கம்தான் தெரியும். ஒரே ஒரு தடவை, ஏழாவது நோட்டீசில், ஜன்னலுக்கு வெளியே ஒரு முழங்கை தெரிந்தது. நீலச் சட்டை. கையை மூன்று மடிப்பாக முழங்கைக்கு மேல் ஏற்றி விட்டிருந்தது. அவர் அப்படித்தான் மடிப்பார். நாளைக்கு நூறு சட்டையைத் தொடுகிறவளுக்கு மடிப்பு தெரியாதா?

"இன்னும் கொஞ்சம் பெரிசாக்க முடியுமா சார்?"

"ஆக்கினா வெறும் கட்டம் கட்டமாத்தான் தெரியும்மா. நம்பர் பிளேட்தான் எங்களுக்கு முக்கியம். ஆள் முகத்த வச்சு நாங்க என்ன பண்ணப்போறோம்?"

பதினெட்டாவது நோட்டீசோடு அவள் வரிசையில் நின்ற நாளில் கவுண்டர்க்காரர் திரையைத் திருப்பவில்லை. கண்ணாடியை ஏற்றிவிட்டுக்கொண்டு இரண்டு முறை படித்தார்.

"வண்டிய வித்துட்டீங்களாம்மா?"

"இல்லையே."

"பேர் மாத்தச் சொல்லி மனு வந்திருக்கு. நேத்து தேதி. ஏழாம் நம்பர் ரூம்ல கேளுங்க. அத முடிச்சுட்டு வாங்க, அப்புறம் இத வாங்கிக்கறேன்."

ஏழாம் அறையில் ஓர் அதிகாரி அம்மா இருந்தார். வயது முப்பதுக்குள்தான் இருக்கும். மேசையெல்லாம் கோப்பு, அதன் மேல் பாதி சாப்பிட்ட ஆரஞ்சு. கேட்டதும் கோப்பை உருவி ஒரு படிவத்தை அவள் பக்கம் நகர்த்தினார்.

"விற்பவர் கையெழுத்து. இது உங்களதா?"

அவளுடைய கையெழுத்துதான். கடைசி எழுத்தின் வாலைச் சுழித்துக் கீழே இழுப்பாளே, அதுகூட அச்சு அசலாக இருந்தது. ஆனால் அவள் போட்டதில்லை. கீழே தேதி இருந்தது. இரண்டு வருடத்துக்கு முந்தைய, அவர் போன அதே மாதம், பதினொன்றாம் தேதி.

ஒன்பதாம் தேதி போனார். பதினொன்றாம் தேதி விற்றுவிட்டார். முதல் நோட்டீஸ் வந்தது முப்பத்தேழாம் நாள்.

அவள் விரல் விட்டு எண்ணிப் பார்த்தாள். எப்படி எண்ணினாலும் அதே விடைதான் வந்தது. அந்த வாலைப் பார்க்கப் பார்க்க இன்னொன்றும் புரிந்தது. இவ்வளவு சரியாக வர ஒரு நாள் இரண்டு நாள் பழகினால் போதாது. அவள் கடைக்குப் போன பகல்களில், அந்தச் சாப்பாட்டு மேசையிலேயே உட்கார்ந்து எழுதி எழுதிப் பார்த்திருப்பார்.

"வாங்கினவர் வெளியில உக்காந்திருக்கார். அவர்கிட்ட பேசிட்டு வாங்க, அவசரமில்ல" என்றார் அதிகாரி அம்மா. குரலில் கடுமை இல்லை.

வெளி பெஞ்சில் ஒருவன் உட்கார்ந்திருந்தான். முப்பத்தைந்து வயது இருக்கும். நகக்கண்ணெல்லாம் வெள்ளைச் சிமெண்ட். டைல்ஸ் போடுகிறவன். கூப்பிட்ட ஊருக்கெல்லாம் போய் வேலை செய்கிறவன். சட்டைக் கையைச் சிமெண்ட் படாமல் முழங்கைக்கு மேல் மடித்து விட்டிருந்தான். மூன்று மடிப்பு.

அவளைக் கண்டதும் எழுந்தான்.

"நீங்கதானா அக்கா? தப்பா நினைக்காதீங்க, அப்பவே பேர் மாத்தியிருக்கணும். இன்னிக்கு நாளைக்குன்னு தள்ளிப்போச்சு. இப்ப வண்டி மேல லோன் கேட்டா, பேர் யாரோடது இருக்குன்னு பாங்க்ல கேக்கறாங்க." கொஞ்சம் தயங்கினான். "உங்களுக்கு இப்ப உடம்பு பரவாயில்லைங்களா?"

"எனக்கா?"

"சார் சொன்னாரே. வீட்ல ரொம்ப முடியல, ஆபரேஷனுக்குப் பணம் கட்டணும், அதான் விக்கறேன்னு. அதனாலதான் நான் பேரமே பேசல. அவர் கேட்டதுக்கு மேல கொஞ்சம் சேத்துத்தான் கொடுத்தேன். என் வீட்டுக்காரிகூட ஒரு வாரம் உங்கள நினைச்சு வேண்டிக்கிட்டா."

இளையவள் பெஞ்சில் உட்கார்ந்தாள். எந்த வியாதி என்று சொன்னார் என்று கேட்க வாயெடுத்தாள். கேட்கவில்லை.

"இப்ப பரவாயில்ல தம்பி" என்றாள். "எங்க வச்சு வித்தார்?"

"ரயில்வே ஸ்டேஷனுக்கு வெளியில, பார்க்கிங்ல. பத்து நிமிஷ வேலை. பணத்தக்கூட எண்ணல. சாவியக் கையில கொடுத்துட்டு நடந்து போயிட்டார்."

"எந்தப் பக்கம் போனார்?"

அவன் யோசித்தான். உதவ வேண்டுமென்று உண்மையாகவே யோசித்தான். "பாக்கலியே அக்கா. நான் வண்டியத்தான் பாத்துட்டிருந்தேன். மொத மொதல்ல வாங்கின வண்டி."

நோட்டீஸ்களைப் பற்றிக் கேட்டாள். அவனுக்கு ஒன்றும் தெரியவில்லை. "எனக்கு ஒண்ணுகூட வரலையே. இந்த ஊர்ல கேமரா எதுவும் வேலை செய்யறதில்லன்னுல்ல நினைச்சுக்கிட்டிருந்தேன்." சொல்லி முடித்தபிறகுதான் அவனுக்கு உறைத்தது. அவள் கையிலிருந்த காகிதத்தைப் பார்த்தான். "எல்லாம் நீங்களா கட்டினீங்க?"

"ம்."

"வரியும்? ஆயுள் வரி கட்டியாச்சுன்னாரே அவர்."

அவள் நோட்டீசை இரண்டாக மடித்தாள். அவன் தலையைக் குனிந்துகொண்டான். பள்ளிக்கூட வாசலில் ஹாரன் அடித்தது யார் பிள்ளைக்காக என்று இப்போது கேட்டால் சொல்லிவிடுவான். ஆஸ்பத்திரி வாசலில் எதற்காக நின்றான் என்றும் சொல்லுவான். எல்லாவற்றுக்கும் அவனிடம் விடை இருக்கும். அவளுக்குத்தான் அந்த விடைகளால் ஒரு பிரயோஜனமும் இல்லை.

உள்ளே அதிகாரி அம்மா விஷயத்தைப் பளிச்சென்று சொன்னார். "ரெண்டு வழிதான் இருக்கு. கையெழுத்து என்னோடது இல்லன்னு எழுதிக் கொடுத்தீங்கன்னா நான் போலீசுக்கு அனுப்புவேன். வண்டிய எடுத்து யார்டுல போட்டுடுவாங்க. கேஸ் முடியறவரைக்கும் அங்கதான் கெடக்கும்."

"அவரத் தேடுவாங்களா?"

அதிகாரி அம்மா ஆரஞ்சைக் கையில் எடுத்தார். ஒரு சுளையைப் பிய்த்து, தின்னாமல் வைத்தார். "பேப்பர்ல தேடுவாங்கம்மா. வெளியில உக்காந்திருக்கறவரத்தான் ஸ்டேஷனுக்கு அலைய விடுவாங்க. பொய் சொல்லி உங்கள ஆசைப்பட வைக்க எனக்கு இஷ்டமில்ல."

"இன்னொரு வழி?"

"என் கையெழுத்துதான்னு இங்க இன்னொரு கையெழுத்துப் போடணும். தாமதக் கட்டணம் இருக்கு, அது விற்பவர் பேர்லதான் விழும். நீங்கதான் கட்டணும்."

இளையவள் கதவுப் பக்கம் பார்த்தாள். டைல்ஸ்காரன் கெஞ்சவில்லை. கைகளைத் தொடைக்கு நடுவில் கோர்த்துக்கொண்டு தரையைப் பார்த்தபடி இருந்தான். வீட்டில் முடியவில்லை என்று கேட்டதும் பேரம் பேசாமல் கொடுத்த ஆள். அவனை வைத்துத் தன் கணவனைப் பிடிக்கலாம் என்று ஒரு நிமிடம், நிஜமாகவே ஒரு நிமிடம், அவள் நினைத்தாள். பிடித்து என்ன கேட்பது? போகத் திட்டம் போட்டுப் போன மனிதரிடம் கேட்க அவளிடம் ஒரு கேள்வியும் மிச்சமில்லை.

பேனாவை வாங்கினாள். போட்ட கையெழுத்தில் கடைசி எழுத்தின் வால் சரியாக வரவில்லை. அதிகாரி அம்மா இரண்டு கையெழுத்தையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்த்தார். கணவர் போட்டதுதான் அசல் மாதிரி இருந்தது. அதிகாரி அம்மா முத்திரை குத்தினார்.

மூன்றாம் கவுண்டரில் மறுபடி வரிசை. தாமதக் கட்டணத்தை அவள் கட்டினாள். அபராத நோட்டீசை நீட்டும்போது டைல்ஸ்காரன் அதை அவள் கையிலிருந்து வாங்கிக்கொண்டான்.

"இது என்னோடதுக்கா. மத்ததையும் கொஞ்சம் கொஞ்சமா கொடுத்துடறேன்."

"வேணாம் தம்பி."

"இல்லக்கா, அது நியாயமில்ல."

"வேணாம்னு சொல்றேன்ல" என்றாள். குரல் கொஞ்சம் உயர்ந்துவிட்டது. அவள் அந்தப் பணத்துக்கு இரண்டு வருடம் ஒரு மனிதரை உயிரோடு வைத்திருந்தாள். அதை எந்தக் கணக்கில் சேர்த்து அவன் திருப்பிக் கொடுப்பான்?

கவுண்டர்க்காரர் பழக்க தோஷத்தில் திரையை அவள் பக்கம் திருப்பிவிட்டார். வெள்ளைக் கார், சந்தை முக்கு, மஞ்சள் கோட்டைத் தாண்டிய சக்கரம். ஜன்னலில் ஒரு கை.

டைல்ஸ்காரன் எட்டிப் பார்த்தான். "நான்தான்" என்றான் மெதுவாக. "பாருங்க, வாட்ச்கூடத் தெரியுது."

ஆமாம், கறுப்புப் பட்டை வாட்ச். தெளிவாகவே தெரிந்தது.

வெளியே வந்ததும் வண்டியை ஒரு தரம் பார்க்கலாமா என்று கேட்டாள். அவன் வேகவேகமாக முன்னால் போய்க் கதவைத் திறந்துவிட்டான். பின்சீட் இல்லை. அந்த இடத்தில் டைல்ஸ் பெட்டிகளும் சிமெண்ட் பூசும் கரணையும் ரப்பர் சுத்தியலும் கிடந்தன. முன்பக்கம் ஒரு குழந்தையின் ஒற்றைச் செருப்பு.

"பின்சீட்டக் கழட்டி வீட்ல பத்திரமா வச்சிருக்கேன்" என்றான். "வேணும்னா கொண்டுவந்து தரேன் அக்கா."

பாவம், கொடுக்க அவனிடம் வேறு எதுவும் இல்லை. அவள் தலையசைத்து மறுத்துவிட்டுப் பேருந்து நிறுத்தத்துக்கு நடந்தாள். கடையில் ஒரு விடுதியின் படுக்கை விரிப்புகள் நூற்றிருபது வந்து குவிந்திருந்தன. சாயங்காலம்வரை தேய்த்தாள். விரிப்பு நல்ல வேலை. கையும் கிடையாது, கழுத்தும் கிடையாது.

இரண்டு நாள் யாரிடமும் சொல்லவில்லை. மூன்றாம் நாள் அக்கா வந்திருந்தாள். பேசிக்கொண்டே காய் நறுக்கிக்கொண்டிருந்த அக்காவிடம் எல்லாவற்றையும், கையெழுத்து உட்பட, ஒரே மூச்சில் சொன்னாள். அக்கா கத்தியைக் கீழே வைத்தாள். திட்டுவாள் என்று இளையவள் எதிர்பார்த்தாள். திட்டியிருந்தால் நன்றாக இருந்திருக்கும்.

"அப்ப அவர் எங்கதான்டி இருக்கார்?" என்றாள் அக்கா.

"தெரியலக்கா."

சொன்ன பிறகுதான் அவளுக்கே கேட்டது. இத்தனை நாளில் அவரைப் பற்றி அந்த வார்த்தையை அவள் ஒரு முறைகூடச் சொன்னதில்லை. மறுபடி ஒரு தரம் சொல்லிப் பார்த்தாள். இரண்டாம் தடவை சுலபமாகவே வந்தது. அதைத்தான் தாங்க முடியவில்லை.