நோன்புக் கஞ்சிக்கு ஒரு சத்தியப் பத்திரம்

1

மருதப்பன் ஆகிய நான், இந்தத் தாளை நானே வாசித்தேன், இதில் சொல்லியிருக்கும் ஒவ்வொரு சொல்லும் உண்மை, எதையும் கூட்டவில்லை, எதையும் மறைக்கவில்லை என்று மனமறிந்து சத்தியம் செய்கிறேன்.

இது சொந்தச் சரக்கு அல்ல. முந்தாநாள் ஒரு பத்திரத்தில் மருதப்பன் கையெழுத்துப் போட்ட வாக்கியம். கதை பிறந்தது இதிலிருந்துதான். அதற்குப் பிறகு 'நான்' என்ற சொல்லைக் கண்டாலே அவருக்கு அலுப்பு. ஆகவே இதை எழுதுகிறவரும் மருதப்பன், இதில் வருகிறவரும் மருதப்பன். வழக்கு வந்தால் இருவரும் ஒருவரையொருவர் கைகாட்டிக்கொள்ளலாம்.

2

முதல் தொடக்கம்: தேக்காச் சந்தையின் மேல் வெயில்— வேண்டாம். எல்லாக் கதையிலும் அடித்தாயிற்று.

இரண்டாவது: உலகில் பல நாடுகளில் கடவுளை நிந்தித்தால் தண்டனை உண்டு, சில இடங்களில் அபராதம், சில இடங்களில் தூக்கு— இது கட்டுரை. (உண்மைதான், ஆனாலும் கட்டுரை. இங்கேயும் பிறர் மத உணர்வை வேண்டுமென்றே புண்படுத்தினால் சிறைதான். கோயிலும் பள்ளிவாசலும் தோளுரசி நிற்கிற ஊரில் அது வேண்டுமா வேண்டாமா என்று மருதப்பன் இரண்டு பக்கமும் வாதாடிக் களைத்துவிட்டார். ஒன்று மட்டும் அவர் கண்ணில் பட்டது: எந்த ஊர் வழக்கிலும் புகார்தாரர் இடத்தில் கடவுள் கையெழுத்துப் போட்டதாகத் தெரியவில்லை.)

மூன்றாவது தொடக்கம் கஞ்சி. அதுவே இருக்கட்டும்.

3

மைமூன் தேக்கா சென்டர் மாடியில் ரவிக்கை தைக்கிறவர். அவருக்கு எழுத வருவது அரபுத்தமிழ் மட்டும். மொழி தமிழ், எழுத்து அரபு. சின்ன வயதில் ஓதப்போன இடத்தில் பழகியது. மகன் ரஃபீக் வெளிநாட்டுக்கு வேலைக்குப் போனபோது நோன்புக் கஞ்சி வைக்கும் முறையை அந்த எழுத்தில் ஒரு தாளில் எழுதிக் கொடுத்தார். (எந்த நாடு என்று எழுதப்போவதில்லை. ஒன்றைச் சொன்னால் மற்றவை தப்பித்துக்கொள்ளும்.)

நோன்பு முழுக்க அதைப் பார்த்துக் கஞ்சி வைத்தான். முறை கைக்கு வந்துவிட்டது. தாள் எண்ணெயும் மஞ்சளுமாகிவிட்டது. ஒருநாள் வெங்காயத் தோலை அதில் சுருட்டிக் குப்பையில் போட்டான். அந்த ஊரில் அந்த எழுத்தைக் குப்பையில் பார்த்தால் முதலில் வேதத்தின் நினைப்புத்தான் வரும். கீழ்வீட்டுக்காரர் பார்த்தார், நாலு பேரைக் கூப்பிட்டார். ஐந்து வேளையும் தொழுகிற ரஃபீக், இறைநிந்தனை வழக்கில் ஐந்து மாதமாக உள்ளே இருக்கிறான்.

தாளில் இருப்பது கஞ்சிதான் என்று யாராவது மொழிபெயர்த்துச் சத்தியம் செய்ய வேண்டும். குற்றம் சாட்டப்பட்டவன் சொல் எடுபடாது, பெற்றவள் சொல்லும் எடுபடாது. சொந்தமில்லாதவர், முடிந்தால் மதமும் வேறானவர் வேண்டும் என்றார் வக்கீல்.

4

செம்பவாங் கப்பல் பட்டறையில் வேலை பார்த்த காலத்தில், ஒரு நாகூர் சமையற்காரரிடம் அரபுத்தமிழை ஒன்பதே நாளில் கற்றுக்கொண்டதாக மருதப்பன் நாற்பது வருடமாக, மைமூன் கடைக்குக் கீழே உள்ள தேநீர் மேசையில் சொல்லி வருகிறார். (முதலையைத் துடுப்பால் தட்டித் தூங்கவைத்ததையும் அதே மேசையில்தான் சொன்னார். அதை மட்டும் யாரும் நம்பவில்லை.)

"யுனிவர்சிட்டில கேட்டாச்சு அங்கிள்," என்றாள் ரஃபீக்கின் மனைவி யும்னா. "தெரிஞ்ச ப்ரொஃபசர் லீவ்ல இருக்காரு. மண்டே ஹியரிங் லா. நீங்கதான்."

மருதப்பன் கண்ணாடியைத் துடைத்தார். மறுபடியும் துடைத்தார்.

"கதை சொல்றப்ப ஒன்பது நாள்ல படிச்சீங்க," என்றார் மைமூன். "இப்ப கண்ணாடி தொடைக்கவே ஒன்பது நாளாகும் போல."

மருதப்பன், வக்கீல் அனுப்பியிருந்த தாளின் படத்தின் மேல் வலமிருந்து இடமாக விரலை நகர்த்தினார். பெற்றவளுக்கு எங்கே பொறுமை? அவர் வாய் திறக்குமுன் மைமூனே சொல்லிக்கொண்டு போனார்: அரிசி, பாசிப்பருப்பு, வெந்தயம், இஞ்சி, ரம்பை இலை. மருதப்பன் ஒவ்வொன்றுக்கும் தலையாட்டி எழுதிக்கொண்டார். ஏழாவது வரியில் மைமூன் நின்றுவிட்டார்.

"அதையும் எழுதணுமா அண்ணே?"

மருதப்பன் அந்த வரியையே பார்த்துக்கொண்டிருந்தார். மைமூன் குரலைத் தாழ்த்திச் சொன்னார்.

"உப்பு கூடிப்போனா துஆ கேட்டுப் பிரயோசனமில்ல. ஆண்டவன் கஞ்சியில தலையிட மாட்டான். ஒரு உருளக்கிழங்கப் போடு."

யும்னா சிரித்துவிட்டாள். உடனே வாயைப் பொத்திக்கொண்டாள்.

"அடுப்படிப் பேச்சு அண்ணே," என்றார் மைமூன். "அவன் அங்க தனியா சிரிக்கட்டும்னுதான் எழுதுனேன்."

5

எழுதினால், பிரார்த்தித்துப் பயனில்லை என்று ஒரு வரி, சத்தியத்தோடு, அந்த நீதிமன்றத்தின் மேசைக்குப் போகும். விட்டுவிட்டால், எதிர்த்தரப்பு நாகூரிலிருந்தோ காயலிலிருந்தோ ஓர் ஆளைப் பிடித்து வாசிக்கவைக்கும் அன்று அரிசியும் பருப்பும்கூடப் பொய்யாகிவிடும்.

(இந்த இடத்தில் மருதப்பன் சட்டத்தைப் பற்றி ஒரு பக்கம் எழுதிக் கிழித்தார். உருளைக்கிழங்கு சொன்னதற்கு மேல் அதில் எதுவும் இல்லை.)

6

முதல் முடிவு: வரி இருக்கிறது. நீதிபதிக்குத் தன் தாயின் கஞ்சி நினைவு வருகிறது. விடுதலை. (முதலைக் கதையே மேல்.)

இரண்டாவது: வரி இல்லை. யாரும் கவனிக்கவில்லை. ரஃபீக் வருகிறான். அதன்பிறகு மைமூன் மகனுக்கு எழுதும் எதிலும் வேடிக்கை—

மூன்றாவது: வரி இல்லை. கவனித்துவிட்டார்கள். ரஃபீக்கை— கை ஓடவில்லை.

பத்திரம் போய்ச் சேர்ந்துவிட்டது. அந்த வரி அதில் இருக்கிறதா என்று மைமூன் கேட்கவில்லை; மருதப்பனும் சொல்லவில்லை. உங்களுக்கும் சொல்லப்போவதில்லை. விசாரணை நாளை மறுநாள். அதுவரை பேனா உங்களிடம் இருக்கட்டும்; சேர்ப்பதும் விடுவதும் உங்கள் பாடு.

மருதப்பனுக்கு அரபெழுத்தில் ஓர் எழுத்துகூடத் தெரியாது.