ஒரே ஓர் எண் போதும்

இரண்டு மணி நேரம் பத்து நிமிடமாகச் சுஹானா வாய் திறக்கவில்லை. அவள் கண்டுபிடித்து நோட்டில் எழுதுவாள். ரோகிணி மைக்கில் சொல்வாள். காரைக்குடியில் நடந்த கணிதப் போட்டியில் கல்லல் ஊர்ப் பெண்கள் இந்த இருவரும் இறுதிச் சுற்று வரை வந்தது இப்படித்தான்.

எதிரணி ஒரு கூற்றைச் சொல்லும். அது பொய்யாகிற ஒரே ஓர் எண்ணைக் காட்டினால் வெற்றி. வெல்கிற இருவரும் சென்னையில் பத்து நாள் கணித முகாமுக்குப் போகலாம். இறுதிச் சுற்றில் மட்டும், அதுவரை பேசாதவர்தான் பேச வேண்டும்.

சிவகங்கை அணியின் சிவபிரகாஷ் எழுந்தான்.

"ஏதாவது ஒரு பகா எண்ணை எடுத்துக்கங்க. அத்தனை ரெண்டை ஒண்ணோடொண்ணு பெருக்கி, ஒண்ணைக் கழிங்க. வர்றதும் பகா எண்தான்."

ரோகிணி விரல்களை மடக்கினாள். "ரெண்டுக்கு மூணு. மூணுக்கு ஏழு. அஞ்சுக்கு முப்பத்தொண்ணு. ஏழுக்கு நூத்தி இருபத்தேழு. ஆத்தாடி, எல்லாமே பகா எண்ணுடி!"

அடுத்தது பதினொன்று. 2047 வந்தது. இருவரும் வகுத்தார்கள். பத்தொன்பது வரை எதிலும் மீதியில்லாமல் போகவில்லை.

"இதுவும் பகா எண்தான். பதிமூணுக்குப் போயிருவோம்" என்றாள் ரோகிணி. அவளுக்கு வாய்ப்பாடு இருபதோடு முடிந்துவிடும்.

சுஹானா நகரவில்லை. நாற்பத்தாறை நாற்பத்தாறால் பெருக்கினால்தான் 2047ஐத் தாண்டும். அதுவரை விடக்கூடாது.

"என்ன கல்லல், ரயிலு போயிரும். கெளம்புறீகளா?" என்றான் சிவபிரகாஷ்.

அடுத்த பகா எண்ணால் வகுத்தாள். மீதி சுழியம்! பெருக்கிப் பார்த்தாள். சரியாக வந்தது. நோட்டை ரோகிணி பக்கம் தள்ளினாள். ரோகிணி கத்தப்போய், இரண்டு கையாலும் வாயைப் பொத்திக்கொண்டாள்.

"எந்திரிடி! நான் சொன்னாச் செல்லாது!"

"இன்னும் பதினஞ்சு செகண்டுதான் இருக்குத்தா" என்றார் நடுவர் கோட்டைச்சாமி.

சுஹானா மைக்கின் முன் நின்றாள். அது ரோகிணியின் உயரத்தில் இருந்தது.

"பதினொண்ணு" என்றாள். யாருக்கும் கேட்கவில்லை.

"சத்தமா!" என்றது பின்வரிசை.

அவள் எக்கி மைக்கைப் பிடித்தாள்.

"பதினொண்ணை எடுத்தா ரெண்டாயிரத்து நாப்பத்தேழு வருது. அது பகா எண் இல்ல. இருபத்திமூணு பெருக்கல் எண்பத்தொம்பது!"