அசபே சொல்லாத பெயர்

1

முதலிலேயே ஒப்புக்கொண்டுவிடுகிறேன்: இந்தக் கதையைப் பயத்தில்தான் எழுத ஆரம்பித்தேன். கலைத்தாகம், கத்தரிக்காய் எல்லாம் ஒன்றும் கிடையாது. நான் செய்த ஒரு குறும்பு கைமீறிப் போய், ஓர் அம்மாவும் மகளும் இரண்டு மாதமாகப் பேசிக்கொள்ளவில்லை. மகளுக்கு வருகிற சனிக்கிழமை கல்யாணம். அதற்குள் எழுதி முடித்து ஆளுக்கொரு படி கொடுத்துவிட்டால் சமாதானம் ஆகிவிடுவார்கள் என்று ஒரு நப்பாசை.

அம்மா, நடிகை அசபே. எங்கள் ஹவுசா மொழிப் படங்களில் இருபது வருடமாக நடிக்கிறாள். கானோ நகரத்தில் எந்தத் தையல் கடையில் போய்க் கேட்டாலும் அவள் அழுத படம் ஒன்றைச் சொல்வார்கள். நான் சுனுசி, வசனம் எழுதுகிறவன். அந்த அழுகையில் பாதி நான் எழுதியது. (அவள் இதை ஒத்துக்கொள்ள மாட்டாள்.)

முறைக்கு நான் அவளுக்கு அத்தை மகன். எங்களில் அத்தை மகனும் மாமன் மகளும் ஒருவரை ஒருவர் கிண்டல் செய்தே ஆக வேண்டும். செய்யாவிட்டால்தான் வீட்டில் "என்ன, சண்டையா?" என்று கேட்பார்கள். அவள் என்னை "என் அடிமை" என்பாள். நான் அவளை "என் அடிமை" என்பேன். யார் சொல்வது சரி என்பது நாற்பது வருடமாகத் தீரவில்லை.

அவளைக் கட்டிக்கொள்ளவும் எனக்கு முறை இருந்தது. கேட்கவில்லை. பதினாறு வயதில் அவளுக்கு ஸாரியாவிலிருந்து மாப்பிள்ளை வந்தபோது என்னிடம் ஒரு நல்ல செருப்புகூட இல்லை.*

* மகள் கல்யாணம் முடிந்த பிறகு இந்த இடத்தைப் படித்துவிட்டு அசபே வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தாள். "செருப்பு இருந்திருந்தா மட்டும் கேட்டிருப்பியாக்கும்" என்றாள்.

2

கதையை எப்படித் தொடங்குவது?

புழுதிக்காற்று வீசிய ஒரு மாலையில், கைவிடப்பட்ட ஓர் இளம்பெண் கானோ பேருந்து நிலையத்தில்—

வேண்டாம். புழுதிக்காற்றில் தொடங்காத படம் எங்கள் ஊரில் இல்லை. அதில் நானே ஒன்பது எழுதியிருக்கிறேன். தவிர, அவள் வந்து இறங்கியது நல்ல மழை நாளில்.

கண்ணாடியின் முன் அமர்ந்திருந்த அசபே தன் முகத்தில்—

இதுவும் வேண்டாம். நடிகை என்றால் கண்ணாடி முன் உட்கார வைக்கும் புத்தி எங்கிருந்துதான் வருகிறதோ. அவள் கண்ணாடி பார்த்து நான் பார்த்ததில்லை. ஒப்பனை முடிந்ததும் பக்கத்தில் இருப்பவளிடம் "மனுஷியா தெரியறேனா?" என்று கேட்பாள், அவ்வளவுதான்.

நேராகவே சொல்கிறேன். பதினாறில் கல்யாணம். பதினேழில் ஒரு பெண் குழந்தை. பத்தொன்பதில் விவாகரத்து. பால்குடி மறந்த தலைப்பிள்ளையைச் சொந்தத்தில் ஒருவர் வாங்கி வளர்ப்பது வழக்கம். அசபேயின் அக்கா டேலு வாங்கிக்கொண்டாள். இருபதில் அசபே கானோவுக்கு வந்து, பாட்டுக் காட்சிகளில் மூன்றாவது வரிசையில் ஆடினாள். அப்புறம் முதல் வரிசை. அப்புறம் நாயகி, ஆறு படங்கள். நடுவில் இரண்டாவது கல்யாணம், நடிப்பை விட்டாள், ஹபூ என்று ஒரு மகன். அந்தக் கணவர் காலமானதும் மறுபடி கேமரா முன் வந்தாள். இந்த முறை கொடுமைக்கார சக்களத்தி. அதில் அவளுக்கு வந்த பேருக்குச் சந்தையில் ஒரு வெங்காயக்காரி சரக்குத் தர மறுத்துவிட்டாள். "அந்தச் சின்னவளுக்குச் சோத்துல உப்பள்ளிப் போட்டியே, உனக்கு என் கடையில வெங்காயமா?" என்று விரட்டினாள். அசபே அந்த வெங்காயக்காரியை இன்றைக்கும் சொல்லிச் சொல்லிப் பெருமைப்படுவாள்.

இப்போது பத்து வருடமாக அம்மா வேடம். தன்னைவிட இரண்டு வயது மூத்த நடிகனைக்கூட "என் கண்ணே" என்று மடியில் போட்டுக்கொண்டு அழுதிருக்கிறாள்.

3

மகளின் பெயரை இன்னும் சொல்லவில்லையே என்று கேட்பீர்கள். சொல்லியிருந்தேன். முதல் பிரதியில் இருபத்திரண்டு இடத்தில் எழுதியிருந்தேன். அசபே சிவப்புப் பேனாவால் இருபத்திரண்டையும் அடித்துவிட்டாள்.

"நான் வாய்விட்டுத்தான் படிப்பேன்னு உனக்குத் தெரியாதா? வசனம் படிச்சுப் பழகின வாய். அந்தப் பேரு வர்ற இடத்துல எல்லாம் நின்னு நின்னு, எனக்கு மூச்சு வாங்குது."

கணவன் பெயரைச் சொல்லாத பெண்கள் எங்கும் உண்டு. எங்களில் அது தலைப்பிள்ளைக்கும் சேர்த்து. பெற்றவள் தலைப்பிள்ளையைப் பேர் சொல்லிக் கூப்பிட மாட்டாள், நாலு பேர் முன்னால் கொஞ்ச மாட்டாள், கீழே விழுந்தால்கூட ஓடிப் போய்த் தூக்க மாட்டாள். அது வெட்கம். நல்ல குடும்பத்துப் பெண்ணின் அடையாளம். இப்போதைய பெண்கள் பாதிப் பேர் இதை விட்டுவிட்டார்கள். அசபே விடவில்லை. தெருமுனை வரை கேட்கும்படி "ஹபூ! வாடா சாப்பிட!" என்று கத்துகிற அதே வாய், மகளை "பெரியவள்" என்றுகூடச் சத்தமாகச் சொன்னதில்லை. "அங்க டேலு வீட்டுல இருக்கறது" என்பாள். நான் இனிமேல் பெரியவள் என்றே எழுதுகிறேன்.

ஏன் இத்தனை பிடிவாதம் என்று முன்னொரு நாள் கேட்டிருக்கிறேன். ஃபுரா கலக்கிக்கொண்டிருந்தாள். கம்பு உருண்டையைத் தயிரில் நசுக்கியபடியே சொன்னாள்.

"பாட்டுல ஆடினேன்னு ஊரே என்னை வெட்கங்கெட்டவள்னு சொல்லுச்சு. எங்கப்பா இறந்து ஜனாஸாவுக்குப் போனப்ப ரெண்டு பொம்பளைங்க தள்ளி உக்காந்தாளுக. சரி, போகட்டும். இந்த ஒரு வெட்கமாச்சும் என்கிட்ட முழுசா இருக்கட்டுமே, சுனுசி. இதையும் விட்டுட்டா அவளுங்க சொன்னது நிஜமாயிடும்ல?"

எனக்கு அப்போது இது புரிந்தது. புரிந்தும்தான் அந்தக் குறும்பைச் செய்தேன்.

4

குறும்பு இதுதான். புதிதாக எழுதிய தொடரில் ஓர் அம்மா, தொலைந்துபோன மகளைச் சந்தையில் கண்டுபிடிக்கிறாள். அந்த மகளுக்குப் பெரியவளின் பெயரை வைத்தேன். முறை மாப்பிள்ளையின் விளையாட்டு. அசபே படித்ததும் என் காதைத் திருகுவாள், பெயரை மாற்றச் சொல்வாள், நான் ஒரு தட்டு மசா பணியாரம் வாங்கித் தரச் சொல்லிப் பேரம் பேசுவேன் என்று கணக்குப் போட்டிருந்தேன்.

(இல்லை. பொய் எழுதுகிறேன். ஒருமுறையாவது அவள் வாயால் அந்தப் பெயரைக் கேட்க வேண்டும் என்றும் ஆசை இருந்தது. பெரியவளுக்காக என்று அப்போது என்னையே நம்பவைத்துக்கொண்டேன்.)

அவளுக்குத் தாள் போய்ச் சேரவில்லை. நேராகப் படப்பிடிப்புக்கு வந்து, உதவியாளர் வசனம் சொல்லித்தர, கேமரா முன் போய் நின்றுவிட்டாள். நான் அன்றைக்கு வெளியூரில், கட்சினாவில் இருந்தேன். பிறகு இயக்குநர் கர்ஸாலி சொல்லித்தான் தெரியும்.

அசபே சந்தை நடுவில் ஓடி வந்தாள், கையை விரித்தாள், கண்ணில் தண்ணீர் சரியாக வந்தது. வாயைத் திறந்து "இந்தோ!" என்றாள்.

"கட்! ஹஜியா, இந்தோ யாரு?"

"மன்னிச்சுக்க தம்பி."

மறுபடி ஓடி வந்தாள். "தபாவா!"

"கட்! தாள்ல இருக்கற பேரைச் சொல்லுங்க, ஹஜியா!"

"இந்தப் பொண்ணுக்கு அந்தப் பேரு பொருந்தலை, தம்பி. மூஞ்சியப் பாரு."

"மூஞ்சிய நான் பார்த்துக்கறேன், நீங்க பேரைச் சொல்லுங்க!"

பதினேழு முறை. பதினேழாவது தடவை "என் பிள்ளையே" என்று மட்டும் சொல்லி மண்ணில் உட்கார்ந்துவிட்டாள். தக்காளிக் கூடைக்காரிகள் எல்லாரும் வேடிக்கை பார்த்தார்கள். கர்ஸாலி குனிந்து, கோபமாகத்தான், "என்னதான் பிரச்சினை?" என்று கேட்டான். அவள் அவன் காதில் ஏதோ சொன்னாள்.

கர்ஸாலியும் ஒரு தலைப்பிள்ளை. "எங்கம்மா என்னை 'அந்த ஆளு'ன்னுதான் சொல்லும்" என்றான் என்னிடம். "நான் ஆஸ்பத்திரியில கிடந்தப்பகூட டாக்டர்கிட்ட 'அந்த ஆளுக்கு எப்படி இருக்கு'ன்னுதான் கேட்டுச்சு. யோவ், நீயெல்லாம் மனுஷனா?" உடனே பேனா வாங்கிப் பெயரை அடித்து மாற்றிவிட்டான். பதினெட்டாவது முறை எல்லாம் நன்றாக வந்தது.

ஆனால் ஒப்பனைக்காரப் பெண் அந்தப் பதினேழையும் போனில் பிடித்து வைத்திருந்தாள். "அசபேக்கு வசனம் மறந்துபோச்சு" என்று சிரிப்பு பொம்மை போட்டு ஊருக்கெல்லாம் அனுப்பிவிட்டாள்.

5

பெரியவள் என்னைக் கூப்பிட்டாள். இருபத்து மூன்று வயது, பள்ளிக்கூடத்தில் கணக்கு டீச்சர்.

"சித்தப்பா, அந்தத் தாள்ல இருந்தது என் பேருதானே?"

"அது... விளையாட்டுக்கு..."

"பதினேழு தடவை பார்த்தேன். பதினாறு தடவை ஒவ்வொரு பேரா சொல்றாங்க, கடைசியில வெறும் 'என் பிள்ளையே'ங்கறாங்க. ஊர்ல உள்ள பேரெல்லாம் வருது. என் பேரு மட்டும் வாய்ல வரலை."

"அது வெட்கம்மா. உனக்குத் தெரியாததா?"

"தெரியும். எல்லாத் தோழிங்களோட அம்மாவுக்கும் அந்த வெட்கம் இருந்துச்சு. ஆனா அவங்க ராத்திரி சாப்பாட்டுக்கப்புறம் டிவியில இன்னொருத்தி பிள்ளையைப் பேர் சொல்லிக் கட்டிப்பிடிச்சு அழலையே, சித்தப்பா. நான் பார்த்துட்டே வளர்ந்தேன். எண்பது பிள்ளைங்க. எண்ணிருக்கேன்."

கணக்கு டீச்சர் எண்ணித்தான் இருப்பாள்.

"கல்யாணத்துக்கு வரட்டும், வேணாங்கலை. ஆனா என்னை அனுப்பறதுக்கு முன்னாடி உள் அறையில உக்கார வெச்சு அம்மா புத்தி சொல்வாங்கள்ல, அதுக்கு மட்டும் வர வேணாம்னு சொல்லிடுங்க. டேலு பெரியம்மா சொல்லட்டும். பேரே வாய்ல வராத பொண்ணுக்கு அவங்க என்ன புத்தி சொல்லப் போறாங்க?"

இதை அசபேயிடம் போய்ச் சொல்ல வேண்டியவன் நான். சொன்னேன். அவள் கிண்டல் எதுவும் செய்யவில்லை. என்னை அடிமை என்றும் சொல்லவில்லை. நாற்பது வருடத்தில் முதல்முறையாக எனக்கு அவளைப் பார்க்கப் பயமாக இருந்தது.

6

அதனால்தான் இந்தக் கதை. புதன்கிழமை மூன்று முடிவுகள் எழுதிக்கொண்டு போனேன்.

முடிவு ஒன்று: மணப்பெண்ணின் கார் புறப்படுகிறது. அசபே பின்னாலேயே ஓடி வந்து, நடுத்தெருவில், எல்லாரும் பார்க்க, பெயர் சொல்லிக் கூப்பிடுகிறாள். கார் நிற்கிறது.

அசபே: "இது நான் நடிச்ச படம்."

முடிவு இரண்டு: அவள் கூப்பிடவில்லை. மகளே மன்னித்து, பர்தாவை விலக்கி, அம்மாவின் காலில்—

அசபே: "ஏன், அவ எதுக்கு மன்னிக்கணும்? என்ன அவசரம் அவளுக்கு? அடி இதை."

முடிவு மூன்று: அசபே ஒரு கடிதம் எழுதுகிறாள். முதல் வரியில் பெயர்.

இதை மட்டும் இரண்டு முறை படித்தாள். பிறகு, "எழுதிப் பார்த்தேன், சுனுசி. நிஜமாவே. பேனா போச்சு, எழுதிட்டேன். பேரு அழகாத்தான் இருந்துச்சு. ஆனா அவ கேக்கறது காகிதத்துல இல்லையே" என்றாள்.

அப்புறம்தான் என் படியைப் பிடுங்கி, சிவப்புப் பேனாவை எடுத்தாள்.

"சரி, நீ போவியா, மாட்டியா?" என்று கேட்டேன்.

"கல்யாணத்துக்கா?"

"உள் அறைக்கு."

என் கதையில் இந்த இடத்தில் அவள் ஜன்னலைப் பார்த்ததாக எழுதியிருந்தேன். பார்க்கவில்லை. என்னைத்தான் பார்த்தாள். அழுது வீங்கிய முகம், ஒப்பனை இல்லாமல். எனக்கு அவள்மேல் எவ்வளவு பிரியம் என்று அன்றைக்குத்தான் தெரிந்தது. சொல்லவில்லை, இங்கே எழுதிவிட்டேன். அடித்தால் அடிக்கட்டும்.

7

சனிக்கிழமை. காலையில் நிக்காஹ் முடிந்தது. பிற்பகல் அஸர் தொழுகைக்குப் பிறகு பெண்ணை அழைத்துப்போக மாப்பிள்ளை வீட்டுக் கட்சினாக்காரர்கள் நாலு காரில் வந்து, ஹாரன் அடித்து மானத்தை வாங்கினார்கள். நான் டேலு வீட்டு வாசல் அறையில் ஆண்களோடு இருந்தேன்.

அசபே வந்தாள். சாதாரண நீலத் துணி. கூட நின்று படம் எடுக்க வந்த பெண்களை "இன்னிக்கு நான் நடிகை இல்லைம்மா" என்று விலக்கிவிட்டு உள்ளே போனாள்.

கொஞ்ச நேரத்தில் டேலுவின் குரல்: "எல்லாரும் வெளிய போங்கடி! ஆமா, நீயும்தான்! போய் முற்றத்துல உக்காருங்க!" முணுமுணுத்துக்கொண்டே பெண்கள் வெளியேறும் சத்தம். கடைசியாக டேலுவே வெளியே வந்து உள் அறையின் திரையை இழுத்துவிட்டதாகப் பிறகு சொன்னாள். அவளுக்கும் எதுவும் கேட்கவில்லை.

வெளியே ஹாரன். ஒருவன் இறங்கி வந்து "நேரமாச்சு" என்றான். "இருய்யா" என்றேன். என் வாழ்க்கையில் யாரையும் அப்படி அதட்டியதில்லை.

பெரியவள் வந்தாள். தலையிலிருந்து மார்பு வரை முக்காடு. தோள் குலுங்க அழுதுகொண்டிருந்தாள். எல்லா மணப்பெண்களும் அப்படித்தான் அழுவார்கள். அதை வைத்து ஒன்றும் எழுத முடியாது. கார்கள் போன பிறகும் அசபே அந்த அறையை விட்டு வரவில்லை.

மறுநாள் கேட்டேன். "நீதானே எழுத்தாளன், எழுது போ, அடிமை" என்றாள். அடிமை என்றாள். எனக்கு உயிர் வந்தது.

மூன்று பக்கம் எழுதினேன். கிழித்தேன். சந்தையில், கேமரா வைத்து, கூடைக்காரிகள் முன்னால் அந்தப் பெயரை வரவழைக்கப் பார்த்தவன் நான். இன்னொரு முறை அதே வேலையைச் செய்ய எனக்குக் கூசுகிறது. தவிர, அது பெண்களின் அறை. ஆண்பிள்ளைக்கு அங்கே இடமில்லை.

ஆனால் இதைப் படிப்பவர்களில் பெண்கள் இருப்பீர்கள். உங்களை யாரும் தடுக்க மாட்டார்கள். செருப்பைக் கழற்றிவிட்டு, திரையை விலக்கி உள்ளே போங்கள். மகள் பாயில் உட்கார்ந்திருக்கிறாள், முக்காட்டுக்குள். அம்மா எதிரில், கேமரா இல்லாமல், வசனம் இல்லாமல். வாயைத் திறக்கிறாள். நிற்கிறாள். மறுபடி திறக்கிறாள்.

அவள் என்ன சொன்னாள் என்று நீங்கள் கேட்டுக்கொள்ளுங்கள். வெளியே வந்து என்னிடம் சொல்ல வேண்டாம். அது பெரியவளுக்குச் சொன்னது.