அப்பா பார்த்த பக்கம்

கலையரசன் செல்போனில் ஒரு பெயரைத் தொட்டுவிட்டு அப்பாவின் கம்ப்யூட்டரைப் பார்த்தான். அது கறுப்பாகவே இருந்தது. பக்கத்து வீட்டில் யாரோ வீறிட்டார்கள்.

கொஞ்ச நேரத்தில் அந்த வீட்டு முன்னி பேகம் முக்காட்டைச் சரிசெய்தபடி ஓடிவந்தாள். "தம்பி, உங்க அக்கா எங்க டிவில வந்து அழுவுறாங்க!"

துக்க வீட்டில் சிரிக்கக் கூடாது என்பதால் எல்லோரும் இருமினார்கள். கூடத்தில் கண்ணாடிப் பெட்டிக்குள் இருந்த அப்பா சக்கரபாணி மட்டும் இருமவில்லை.

கீதாஞ்சலியால் கனடாவிலிருந்து வர முடியவில்லை. தம்பியின் போனில், வீடியோ காலில் அழுதுகொண்டிருந்தாள். "அவ்ளோ சின்னதுல அழுதா யாருக்குத் தெரியும்? கம்ப்யூட்டர்ல பெருசா போடு, ஜனங்க பாக்கட்டும்" என்றார் கீழ்பென்னாத்தூரிலிருந்து வந்திருந்த பரசுராமன் மாமா. பெண் அழுததற்கு அவருக்குச் சாட்சி வேண்டும். ஒயர் இல்லாமல் போன் திரையைக் கம்ப்யூட்டரில் காட்டுவது ஒரு வேலையா என்று கலையரசனும் இறங்கிவிட்டான். சென்னையில் நாலு மாடி ஆபீசுக்குக் கம்ப்யூட்டர் பார்த்துக்கொள்கிறவன். பட்டியலில் முதலில் வந்த பெயர் பக்கத்து வீட்டு டிவியாக இருக்கும் என்று யார் கண்டது?

அதைத் துண்டித்துவிட்டுக் கம்ப்யூட்டரின் செட்டிங்ஸைத் திறந்தான். இதற்கென்று ஒரு வசதியை இறக்க வேண்டும், போன் வந்து சேர அனுமதி கொடுக்க வேண்டும். இரண்டும் ஏற்கெனவே செய்தாகியிருந்தது.

பிரிண்டரில் பேப்பர் சிக்கினால்கூட அவனுக்குப் போன் போடுகிற மனுஷன் அப்பா. இதை யார் செய்தது?

"இன்னாடா முழிக்கிற?"

"யாரோ இங்க உக்காந்து எல்லாம் செட் பண்ணியிருக்காங்க மாமா."

மாமா குரலைத் தாழ்த்தினார். அவர் தாழ்த்திய குரல் தெருமுனை வரைக்கும் கேட்கும். "நான்தான் அப்பவே சொன்னனே. வீடியோ கால்ல உங்கப்பா நம்ம மூஞ்ச பாத்தா பேசுனாரு? எப்பவும் சைடுலதான் பார்வ. யாரோ பக்கத்துல உக்காந்து சொல்லிக்குடுத்துகினு இருந்திருக்காங்க."

கலையரசனும் அதைக் கவனித்திருந்தான். ஒரு வருடமாக ஞாயிறுதோறும், "எங்கூட சென்னைக்கு வந்துடுப்பா" என்பான். அப்பா பக்கவாட்டில் திரும்பி, உத்தரவு கேட்பதுபோல் சற்று நேரம் பார்த்துவிட்டு, "வேணாம்டா" என்பார். அந்த யாரோவை அவன் மனதுக்குள் பலமுறை அடித்திருக்கிறான். ஆள் தெரியாததால் ஒரு அடியும் சரியாக விழுந்ததில்லை.

"நகருங்க தம்பி" என்று முன்னி பேகம் மவுஸை வாங்கினாள். "இந்த ஆப்ப மொதல்ல தொறக்கணும். அப்பதான் போன்ல இது பேரு வரும்." அத்தனை படங்களுக்கு நடுவில் தேடாமல் ஒன்றைத் தட்டினாள். கலையரசன் போனில் வந்த பெயரைத் தொட்டதும், கீதாஞ்சலி சுவரளவுக்கு வந்து அழுதாள்.

"உங்களுக்கு எப்படிக்கா தெரியும்?"

"மொதல்ல ஆக வேண்டியத பாருங்க" என்று அவள் பெண்கள் பக்கம் போய்விட்டாள்.

"அது இன்னா வேல பாக்குது?" என்றார் மாமா.

"கலெக்டர் ஆபீஸ் பக்கத்துல இ-சேவை மையம் வச்சிருக்காங்க."

"பட்டா மாத்த எழுதிப் போடுற எடம்" என்றார் மாமா. வீடு இன்னும் யார் பேரில் இருக்கிறதோ என்பதுபோல் சுவர்களை ஒருமுறை சுற்றிப் பார்த்தார்.

எமலிங்கத்துப் பக்கம் இருக்கிற சுடுகாட்டில் எல்லாம் முடிந்து, கலையரசன் குளித்துவிட்டு ஈரத்தலையோடு அப்பாவின் நாற்காலியில் உட்கார்ந்தான். எதிரே போன் வைக்கிற ஸ்டாண்டு இன்னும் இருந்தது. அதற்கு நேராக முகத்தை வைத்து, அப்பாவைப்போலவே பக்கவாட்டில் திரும்பினான். கம்ப்யூட்டர் மேஜை. அதை ஒட்டிச் சுவர். நாற்காலி போட இடமே இல்லை.

அடுப்பு மூட்டாத வீட்டுக்கு முன்னி பேகம் பிளாஸ்கில் டீ கொண்டுவந்திருந்தாள். ஊற்றும்போது அவன் கேட்டான். "அக்கா, இந்தப் பக்கம் யாரு இருந்தாங்க?"

அவள் டம்ளரை நிரப்பி, மூடியைத் திருகி, திருகிய மூடியையே மறுபடியும் திருகினாள்.

"சொல்லக் கூடாதுனு சத்தியம் வாங்கியிருந்தாரு. இனிமே என்ன. சுகர்ல பார்வ ரொம்ப கம்மியாயிடுச்சு தம்பி. இந்தத் தெரு எனக்கு மனப்பாடம், சென்னைக்குப் போனாதான் நான் குருடன்னாரு. போன்ல மூஞ்சே தெரியலனு ஒரு நாள் வந்து நின்னாரு. நான்தான் இந்தக் கம்ப்யூட்டர்ல வர்ற மாதிரி பண்ணிக் குடுத்தேன்."

"அப்ப, பக்கத்துல..."

"யாரும் இல்ல. நீங்கதான் இருந்தீங்க" என்று அவள் இரண்டு கைகளையும் விரித்துக் காட்டினாள். "இவ்ளோ பெருசா."