எட்டாம் நாள் வாக்கு

கருங்கானூரில் இருந்தது ஒரே ஒரு ஜீப். அது கோயில் முன்னால் நின்றிருந்தது. டிரைவர் தமிழ்மணி சாவியைச் சட்டைப் பையில் போட்டு, பட்டனையும் மாட்டிக்கொண்டான்.

"வர முடியாது மோகன். நீ இன்னா குடுத்தாலும் வர முடியாது."

"அருணாவுக்குப் பனிக்குடம் ஒடஞ்சி மூணு மணி நேரம் ஆவுது. ஆம்புலன்ஸ் ஜமுனாமரத்தூர்லேர்ந்து வரணும். வழியில மரம் சாஞ்சி கெடக்குதாம், எப்ப வரும்னே தெரியலன்றாங்க. திருப்பத்தூர் பக்கம் எறங்கினா ஒன்றரை மணி நேரம்டா!"

"இன்னிக்கி எட்டாம் நாளு. பொழுது சாயட்டும். சாஞ்சதும் நானே வர்றேன்."

"அதுக்குள்ள எம் பொண்டாட்டி செத்துட்டா?"

தமிழ்மணி கண்ணாடியைத் துடைக்க ஆரம்பித்தான். ஏற்கெனவே பளபளவென்று இருந்த கண்ணாடி.

மோகன் சுற்றிலும் பார்த்தான். டீக்கடையில் பதினைந்து பேர். அதில் ஆறு பேர் அவனுக்கு மாமன் முறை. ஒருத்தர்கூடத் தலை நிமிரவில்லை. எட்டு நாளாக இப்படித்தான்.

எட்டு நாளுக்கு முன் காளியம்மன் திருவிழா. உடுக்கை அடித்தார்கள். பூசாரி தீர்த்தகிரிக்குச் சாமி வந்தது. வேப்பிலையைக் கடித்துத் துப்பிவிட்டு, நேராக மோகனைப் பார்த்துக் கையை நீட்டினார்.

"இவன் வூட்டுல ஒரு உயிர் போவும்! எட்டாம் நாள் பொழுது சாயறதுக்குள்ள போவும்!"

அவ்வளவுதான். அந்த நிமிஷத்திலிருந்து மோகன் வீடு ஒதுக்கு வீடு. வாக்கு விழுந்த வீட்டாரை யாரும் வண்டியில் ஏற்றுவதில்லை. அவர்களுக்கு நெருப்பு கொடுப்பதில்லை. முக்கியமாக, அந்த வீட்டில் யாரும் வாய் நனைப்பதில்லை. நனைத்தால் அவர்களும் அந்த வீட்டு ஆள். எடுக்க வரும் சாமி அந்த உயிரையும் சேர்த்தே எண்ணும்.

பன்னிரண்டு வருடத்தில் இப்படி வீட்டின் மேல் விழுந்தது நாலு வாக்கு. நாலும் பலித்திருக்கிறது.

ராஜாக்கண்ணுவை 'மரம் கொண்டுபோவும்' என்றது சாமி. புளி உலுக்க ஒரு ஆள் அவரோடு வரவில்லை. கீழே நின்று கயிறு பிடிக்கக்கூட நாதியில்லை. மனிதர் தனியாக ஏறினார், விழுந்தார். ஊர் கன்னத்தில் போட்டுக்கொண்டது. ஒரு வருடம் மட்டும் 'வெள்ளம் வரும்' என்று சொல்லி, சொட்டு மழைகூட இல்லாமல் போனது. அதற்கும் ஊரிடம் பதில் இருந்தது. "படவேட்டுப் பக்கம் ஏரி ஒடஞ்சிதே, அதத்தான் சாமி சொல்லிச்சி!"

மோகன் காவலூரில், வானத்தைப் பார்க்கும் பெரிய தொலைநோக்கிக் கூடத்தில் தோட்ட வேலை செய்கிறவன். கிரகணம் எத்தனை மணிக்குப் பிடிக்கும், எத்தனை மணிக்கு விடும் என்று அங்கே முன்கூட்டியே தாளில் எழுதி ஒட்டிவிடுவார்கள். போன வருடத் திருவிழாவில் அவன் சும்மா ஒரு வார்த்தை கேட்டான்.

"பூசாரி, வாக்கு சொன்ன அன்னிக்கே ஒரு நோட்டுல எழுதி, தேதி போட்டு, கோயில்லயே வெச்சிடலாமே? எது பலிச்சிது, எது பலிக்கலன்னு அப்புறம் பாத்துக்கலாம்."

தீர்த்தகிரி சிரித்தார். "எழுதினா வாக்கு செத்துடும்டா."

இந்த வருடம் வாக்கு அவன் வீட்டில் விழுந்தது.

மோகன் கோயில் படியேறினான். தீர்த்தகிரி எலுமிச்சம்பழங்களை அறுத்துக் குங்குமம் தடவிக்கொண்டிருந்தார். அறுபது வயது, கட்டை மீசை, கழுத்தில் மூன்று சுற்று மணி.

"வாக்கை எடுத்துடு பூசாரி."

"நான் குடுத்ததா எடுக்கறதுக்கு? குடுத்தது சாமி."

"அப்ப தமிழ்மணிகிட்ட சொல்லு, வண்டி எடுக்கச் சொல்லு. உன் பேச்சை மட்டும்தான் கேப்பான்."

"அவன் உயிரு அவனுக்கு வெல்லம். நான் எப்டி சொல்றது?"

"புள்ளைக்குக் கால் முன்ன வருது பூசாரி! ரெண்டு உயிரு!"

தீர்த்தகிரி கத்தியைக் கீழே வைத்தார். குரல் தாழ்ந்தது.

"ரெண்டு இல்ல. ஒண்ணுதான் போவும். ஒண்ணுன்னுதான் சொல்லிச்சி." பிறகு சத்தமாக, டீக்கடைக்கும் கேட்கும்படி, "நோட்டுல எழுதிக்கடா! தேதி போட்டு எழுதிக்க!"

டீக்கடையில் இரண்டு பேர் சிரித்தார்கள்.

மோகன் அவர் கழுத்து மணியைக் கொத்தாகப் பிடித்தான். பதினைந்து பேரும் எழுந்தார்கள். ஒருவன் விறகுக்கட்டை எடுத்தான். அடி விழுவதற்கு இன்னும் அரை விநாடிதான்.

"விடு மோகன். அந்தாளு கழுத்தப் புடிச்சி இன்னா ஆவப்போவுது?"

பெண் குரல். எல்லாரும் திரும்பினார்கள்.

மோகன் வீட்டு வாசலிலிருந்து அம்மாக்கண்ணு வந்துகொண்டிருந்தாள். தீர்த்தகிரியின் மனைவி. புடவையை இழுத்துச் செருகியிருந்தாள். முழங்கை வரை ஈரம்.

ஒதுக்கு வீட்டுக்குள்ளிருந்து பூசாரியின் பெண்டாட்டி வருகிறாள். கட்டை எடுத்தவனின் கை அப்படியே நின்றது.

"நீ... நீ அங்க இன்னாடி பண்ற?" என்றார் தீர்த்தகிரி. "தாய் வூட்டுக்குப் போறேன்னு சொன்ன?"

"பொய்தான் சொன்னேன். நெசத்தச் சொன்னா மறுபடி பூட்டி வெச்சிருப்ப. எனக்கு இருந்தது ஒரு தங்கச்சி. அவளத்தான் நீ ஏழு வருசம் முந்தி வாக்கு சொல்லியே அனுப்பிட்டியே."

அந்தத் தங்கை வெள்ளையம்மாளை எல்லாருக்கும் நினைவிருந்தது. காய்ச்சலில் கிடந்தாள். வாக்கு விழுந்தது. ஆறு நாள், யாரும் அவள் வாசலில் ஒரு சொம்பு தண்ணீர் வைக்கவில்லை. அக்காவைப் பூசாரி வீட்டுக்குள் வைத்துப் பூட்டியிருந்தார். ஏழாம் நாள் கதவைத் திறந்து, "பாத்தியா, பலிச்சிடுச்சி" என்றார்.

"வூட்டுக்குப் போ அம்மாக்கண்ணு," என்றார் இப்போது.

"போவ முடியாது. நான் இப்ப மோகன் வூட்டு ஆளு."

"இன்னா ஒளர்ற?"

"மூணு நாளா அருணாவுக்கு நான்தான் ஒத்தாசை. மூணு நாளா அந்த வூட்டு சாமைக் கூழுதான் குடிக்கிறேன். இன்னிக்கி காலையிலயும் குடிச்சேன். ரெண்டு டம்ளரு." இரண்டு விரலைக் காட்டினாள். "தெரிஞ்சேதான் குடிச்சேன்."

கூட்டம் பின்வாங்கியது. சொல்லிவைத்தாற்போல எல்லார் காலும் ஒரு அடி பின்னால் போனது. தண்ணீர்க் குடத்தோடு நின்ற ஒரு பெண் குடத்தை மறுபக்க இடுப்புக்கு மாற்றிக்கொண்டாள்.

"ஒரு உயிர் போவும்னு சொல்லிச்சி சாமி," என்றாள் அம்மாக்கண்ணு. "எந்த உயிருன்னு சொல்லல. அருணாவா, புள்ளையா, மோகனா, நானா? பொழுது சாய இன்னும் நாலு மணி நேரம் கீது. நான் போய் அந்த வூட்டுலயே உக்காந்துக்கறேன்."

தீர்த்தகிரி டீக்கடைக் கூட்டத்தைப் பார்த்தார். வாக்கு எப்படிப் பலிக்கும் என்று அந்த ஊரிலேயே நன்றாகத் தெரிந்தவர் அவர்தான். அருணா பிழைத்து, குழந்தையும் பிழைத்துவிட்டால், இந்தப் பதினைந்து பேரும் பொழுது சாய்வதைச் சும்மா பார்த்துக்கொண்டிருப்பார்களா?

அவர் சட்டென்று கண்ணை மேலே செருகினார். உடம்பை உலுக்கினார். "ஹூ...! அடேய்...! அம்மா வந்திருக்கேன்டா! வாக்கு மாறிடுச்சி! என் புள்ளைங்கள மன்னிச்சிட்டேன்!"

கூட்டம் பார்த்துக்கொண்டே நின்றது. யாரும் கையெடுத்துக் கும்பிடவில்லை.

"உடுக்கை இல்லாம எப்டி பூசாரி சாமி வரும்?" என்றான் தமிழ்மணி. நக்கல் இல்லை. நிஜமாகவே சந்தேகம். "அப்டி வந்தா அது பேயின்னு நீதான சொன்ன?"

"வாக்கு மாறாதுன்னும் சொன்னாரு," என்றாள் குடத்துக்காரி. "எங்கப்பன் ராஜாக்கண்ணுக்கு மாறல. அப்ப நான் கால்ல உழுந்து அழுதேன். இவரு பொண்டாட்டிக்கு மட்டும் மாறிடுமா?"

"அதான! சாமிக்குப் பூசாரி வூடு, எங்க வூடுன்னு உண்டா?"

தீர்த்தகிரி ஆடுவதை நிறுத்தினார். மூச்சு வாங்கியது. பன்னிரண்டு வருடமாக அவர் சொன்னதைச் சொன்னபடி நம்பிய ஊர், இன்றும் அப்படியே நம்பிக்கொண்டு நின்றது.

"இன்னாய்யா பாத்துனு நிக்கிற?" அம்மாக்கண்ணு கேட்டாள். "பூசாரி ஆவறதுக்கு முன்னாடி லாரி ஓட்டினவன்தான நீ? மறந்துட்டியா?"

"அவள நான் வண்டியில ஏத்தினா ஊரு..."

"எடுத்தா நானும் அவளோட ஊர வுட்டு வர்றேன். எடுக்கலன்னா அந்த வூட்டுக்குள்ள போறேன்."

தீர்த்தகிரி தமிழ்மணி பக்கம் கை நீட்டினார். தமிழ்மணி சாவியை அந்தக் கையில் வைக்கவில்லை. மண்ணில் வீசினான். பூசாரி குனிந்து பொறுக்கினார்.

அருணாவை மோகன் தூக்கி வந்து பின்சீட்டில் கிடத்தினான். அம்மாக்கண்ணு அவள் தலையை மடியில் வாங்கிக்கொண்டாள். அருணா உதட்டைக் கடித்து ரத்தம் வந்திருந்தது. கண்ணைத் திறந்து, ஸ்டியரிங்கில் இருந்தவரைப் பார்த்தாள்.

"இந்தாளா ஓட்டறான்?"

"ஓட்டட்டும். நீ மூச்ச உடு."

ஜீப் கிளம்பியபோது ஒரு கல் வந்து பின்கம்பியில் பட்டுத் தெறித்தது. இரண்டாவது கல் மோகனின் தோளில் விழுந்தது.

மலைப்பாதையின் வளைவுகளில் தீர்த்தகிரி ஜீப்பை மூன்றாவது கியரில் பிரேக்கை மிதித்து மிதித்து இறக்கினார். ஒரு வளைவில் எதிரே பஸ் வர, ஜீப்பின் சக்கரம் விளிம்பு மண்ணைச் சரித்தது.

"பாத்து ஓட்டு பூசாரி!" மோகன் கத்தினான். "நாலு பேருல ஒண்ணுன்னா அது நீயாவும் இருக்கலாம்!"

"நான் அந்த வூட்டுல வாய் நனைக்கல!"

"அந்த வூட்டு ஆளுங்களோட ஒரே வண்டியில வர்ற. அதுக்கு இன்னா கணக்குன்னு ஊரக் கேளு!"

தீர்த்தகிரி கியரை மாற்றினார்.

திருப்பத்தூரில் ஆஸ்பத்திரி வாசலில் ஸ்ட்ரெச்சர் வந்தது. அருணாவை உள்ளே தள்ளிக்கொண்டு போனார்கள். கூடவே அம்மாக்கண்ணுவும் போனாள். கதவு மூடிக்கொண்டது. மோகன் சுவரோரம் குந்தினான். தீர்த்தகிரி எதிர்ச் சுவரோரம்.

நாலேமுக்கால் மணிக்கு நர்ஸ் தலையை நீட்டினாள்.

"அருணா வீட்டுக்காரர் யாருங்க? பெண் குழந்தை. ஆபரேஷன் பண்ணித்தான் எடுத்தோம். ரெண்டு பேரும் நல்லா இருக்காங்க. இன்னும் அரை மணி நேரம் போயிருந்தா கஷ்டங்க."

மோகன் முகத்தை மூடிக்கொண்டு அழுதான். தீர்த்தகிரி ஜன்னல் வழியே வெளியே பார்த்தார். வெயில் இன்னும் இருந்தது.

ஆறு மணிக்கு அவருடைய போன் அடித்தது. தமிழ்மணி. அவசரமாக எடுத்ததில் ஸ்பீக்கர் தானாகத் திறந்துகொண்டது.

"யாரு போனது பூசாரி?"

"யாரும் போவல. எல்லாம் நல்லா கீறாங்க."

அந்தப் பக்கம் பல குரல்கள், முணுமுணுப்பு. பிறகு மறுபடி தமிழ்மணி, குரலில் ஒரு நிம்மதியோடு.

"நல்லதாப் போச்சி சாமி. அப்ப சரியாத்தான் ஆயிருக்குது. இங்க மோகன் வூட்டுக் கறவை மாடு உழுந்துடுச்சி. பொழுது சாயறதுக்கு முன்னாடியே. ஒரு உயிருதான சொல்லிச்சி? வாக்கு பலிச்சிடுச்சி சாமி!"

மோகன் எழுந்து நின்றான். "தானா எப்டிடா உழும்? காலையில நல்லாத்தானடா இருந்துச்சி?"

தமிழ்மணி பூசாரியிடமே பேசினான். "ஊரு பாத்துக்கிச்சி சாமி. நீங்க வாங்க."

தீர்த்தகிரியின் முதுகு நிமிர்ந்தது. மத்தியானத்திலிருந்து கூனிக் கிடந்த முதுகு. கழுத்து மணியை நேராக்கிக்கொண்டார். குரலும் பழைய குரலாகிவிட்டது.

"அம்மா ஏத்துக்கிச்சிடா. நாளைக்கி வந்து பொங்க வெக்கறேன்."

கதவருகே அம்மாக்கண்ணு நின்றிருந்தாள். எப்போது வந்தாள் என்று தெரியவில்லை. துணியில் சுற்றிய குழந்தை கையில் இருந்தது. அவள் அதை மோகனிடம் கொடுத்துவிட்டு, புருஷன் கையிலிருந்து போனைப் பிடுங்கினாள்.

"மாட்டைக் கொன்னது யாரு? பேர சொல்லுடா."

போன் துண்டிக்கப்பட்டது.

"கெளம்பு," என்றார் தீர்த்தகிரி. "வாக்கு தீந்துடுச்சி. இனிமே நீ நம்ம வூட்டுக்கு வரலாம்."

"இன்னிக்கி மாடு. எட்டாம் நாள் மாடு கெடைக்காத வூடா இருந்தா?" அவள் போனை அவர் பையில் திணித்தாள். "நான் வர்ல. அருணாவுக்குத் தையல் பிரிக்கிற வரைக்கும் இங்கதான் இருப்பேன். அப்புறம் மோகனோட காவலூருக்குப் போறேன். அங்க சமையலுக்கு ஆள் வேணும்ன்றாங்களாம்."

"ஊரு இன்னா சொல்லும்டி?"

"நீ சொல்றதத்தான் சொல்லும்."

அவள் உள்ளே போனாள். மோகன் குழந்தையோடு பின்னால் போனான். தீர்த்தகிரியும் காலெடுத்து வைத்தார். வாசலில் இருந்த காவலாளி பிரம்பைக் குறுக்கே நீட்டினான்.

"யோவ் பெருசு, குழந்தைக்கு நீ இன்னா வேணும்?"

தீர்த்தகிரி வாயைத் திறந்தார். சொல்லிக்கொள்ள ஒரு உறவு முறையும் வரவில்லை.

"அப்ப ஓரமா நில்லு. வழிய மறைக்காத."